முட்டைக்கோசும் நாஞ்சில் நாட்டுச் சந்தையும்: காய், விதை, விலை குறித்த ஒரு வரலாற்று நோக்கு

ஆய்வுச் சுருக்கம்

முட்டைக்கோசு கன்னியாகுமரி மாவட்டத்தில் வணிகப் பயிராக வேர்கொள்ளாத காய். ஆயினும் நாகர்கோவில் சந்தைகளில் அது அன்றாடச் சரக்கு. இக்கட்டுரை அக்காய் நாஞ்சில் நாட்டை அடைந்த வழியையும், அதன் உலகச் சந்தையின் இயல்பையும், மாவட்டத்தின் எல்லைநிலை அதன் விலையோடு கொள்ளும் உறவையும் ஆராய்கிறது. காய் வட்டாரங்களுக்குள்ளேயே சுழல, உலகச் சந்தைக்குரிய பண்டமாக விதையே அமைந்தது என்பதும், விலை வீழ்ச்சியின் இழப்பை யார் சுமப்பது என்னும் வினாவை 1956இல் வரையப்பட்ட மாநில எல்லை இன்று புதிதாக எழுப்புகிறது என்பதும் இதன் கருதுகோள்கள்.

இரு இனக் காய்கள்

நாகர்கோவில் வடசேரியிலுள்ள கனகமூலம் சந்தையில் காய்கறிகள் இரண்டு இனமாகவே பேசப்படுகின்றன. வழுதலங்காய், வெண்டை, புடலை, பாகல், தடியங்காய், சேனை முதலியன நாட்டுக்காய். முட்டைக்கோசு, காரட், பீட்ரூட், பீன்ஸ், காலிஃபிளவர், நூக்கல் முதலியன இங்கிலீஷ் காய். இப்பாகுபாடு தமிழகச் சந்தைகள் பலவற்றுக்கும் பொதுவானது. நாஞ்சில் நாட்டில் இதற்குக் கூடுதலான ஒரு பொருளும் உண்டு. நாட்டுக்காய் மாவட்டத்தின் ஏலாக்களிலும் தோப்புகளிலும் வீட்டுப் பின்புறங்களிலும் விளையக்கூடியது; இங்கிலீஷ் காய் ஆரல்வாய்மொழி கடந்து லாரியில் வருவது.

நாஞ்சில் நாடு என்பது வரலாற்று வழக்கில் தோவாளை, அகத்தீசுவரம் ஆகிய இரு வட்டங்களைக் குறிக்கும். திருவிதாங்கூரின் நெற்களஞ்சியம் என்று அறியப்பட்ட இப்பகுதியின் வேளாண்மை, கன்னிப்பூ, கும்பப்பூ என்னும் இரு நெற்போகங்களைச் சுற்றி அமைந்திருந்தது. 1906இல் கட்டி முடிக்கப்பட்ட பேச்சிப்பாறை அணையும் கோதையாற்றுக் கால்வாய்களும் அவ்வமைப்பை உறுதிப்படுத்தின. காய்கறி இங்கு நெல்லுக்கும் வாழைக்கும் துணைப்பயிராகவே இருந்தது. வயல் வரப்பு, குளக்கரை, வாழைத்தோப்பின் இடைவெளி, கிணற்றடி ஆகியவையே அதற்குரிய இடங்கள். பிற்காலத்தில் நெல் வயல்கள் தென்னந்தோப்பாகவும் வாழைத்தோட்டமாகவும் வீட்டுமனையாகவும் மாறியபோது, வரப்பும் குளக்கரையும் சார்ந்திருந்த காய்கறியும் அவற்றோடு சுருங்கியது. நெற்பரப்பின் சரிவைப் பற்றி மிகுதியாகப் பேசப்பட்டுள்ளது. அதன் நிழலில் நிகழ்ந்த காய்கறிச் சரிவு அந்த அளவுக்குக் கவனம் பெறவில்லை.

அயல்நாட்டுப் பயிர் என்பதனாலேயே ஒரு பயிர் இம்மண்ணில் வேர்கொள்ளாது என்று கொள்ள இயலாது. மரச்சீனி தென் அமெரிக்காவிலிருந்து வந்தது. விசாகம் திருநாள் மகாராசாவின் காலத்தில், அதாவது 1880 முதல் 1885 வரையிலான ஆண்டுகளில், அரசின் ஊக்கத்தோடு திருவிதாங்கூரில் அது பரவியது. 1942இல் பர்மா அரிசி நின்றுபோனபோது கல்குளம், விளவங்கோடு வட்டங்களின் ஏழைக் குடும்பங்களுக்குச் சோறாகவும் அமைந்தது. மரச்சீனி மண்ணுக்குள்ளும் அடுக்களைக்குள்ளும் ஒருசேர நுழைந்தது. முட்டைக்கோசோ அடுக்களைக்குள் மட்டுமே நுழைந்தது. இவ்வேறுபாட்டின் காரணத்தைத் தேடுவதே அக்காயின் சந்தை வரலாற்றைப் புரிந்துகொள்ளும் வழி.

அடுக்களையிலும் அதன் நுழைவு முழுமையானதன்று. திருமண விருந்தின் துவரனாக முட்டைக்கோசு எளிதில் ஏற்கப்பட்டது. எல்லைக்கு அப்பால் ஓண விருந்திலும் அதற்கு இடம் கிடைத்தது. ஆனால் அவியலுக்குள் அதற்கு இடமில்லை. நீத்தார் கடன் நாளின் சமையலில் இங்கிலீஷ் காய்களை விலக்கும் வழக்கமும் தமிழகக் குடும்பங்கள் பலவற்றில் இன்றும் நிலைத்துள்ளது. இரு நூற்றாண்டுகள் கடந்த பின்னும் முன்னோருக்கு இக்காய் அன்னியமாகவே இருக்கிறது.

சொல் காட்டும் வழி

முட்டைக்கோசு நாஞ்சில் நாட்டை எத்திசையிலிருந்து அடைந்தது என்பதற்குச் சொல்லே ஒரு சான்றாகிறது. இலங்கைத் தமிழில் இக்காய்க்குப் பெயர் கோவா; சிங்களத்திலும் ஏறத்தாழ அதுவே. இரண்டும் 'கோவ்' என்னும் போர்த்துக்கேயச் சொல்லின் வழிவந்தவை. தமிழகத்தில் வழங்கும் கோசு என்பதும், அதன் பழைய வடிவமான கோவிசு என்பதும் அதே சொல்லின் பன்மையிலிருந்து கிளைத்தவை எனக் கருத இடமுண்டு. மூலம் ஒன்றாயினும் வந்த வழிகள் வேறு.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தென் திருவிதாங்கூரிலிருந்து பெருந்தொகையினர் இலங்கையின் காப்பி, தேயிலைத் தோட்டங்களுக்குச் சென்றனர். அவர்கள் உழைத்த மலைநாட்டில் முட்டைக்கோசு முன்னரே விளைந்துகொண்டிருந்தது. நுவரெலியாவில் சாமுவேல் பேக்கர் 1840களின் இறுதியில் ஆங்கிலேயக் குடியிருப்பொன்றை அமைத்து ஐரோப்பியக் காய்கறிகளைப் பயிரிட்டார். சென்றவர்களும் மீண்டவர்களும் வழியே காயும் பெயரும் நாஞ்சில் நாட்டுக்கு வந்திருக்கலாம் என்று எதிர்பார்ப்பது இயல்பு. ஆனால் நாஞ்சில் நாட்டுப் பேச்சு வழக்கில் நிலைத்தது கோவா அன்று; முட்டகோஸ். மலையாளத்தின் மொட்டக்கூஸ் என்ற சொல்லும் இதே குடும்பத்தைச் சார்ந்தது. கடல் வழிப் பெயர் இங்குத் தங்கவில்லை. தமிழகத்தின் உள்நாட்டுச் சந்தைப் பெயரே தங்கியது. சொல்லை மட்டும் கொண்டு வணிக வழியை முடிவு செய்வது துணிச்சலான செயல்தான். எனினும் பின்வரும் பகுதிகள் காட்டுவதுபோல், சாலையின் வரலாறும் இதே திசையையே சுட்டுகிறது.

மலையில் ஒரு சமையலறைத் தோட்டம்

தென்னிந்தியாவில் முட்டைக்கோசின் வணிக வரலாறு நீலகிரியில் தொடங்குகிறது. கோயம்புத்தூர் ஆட்சியர் ஜான் சல்லிவன் 1819இல் நீலகிரிக்கு முதன்முறை சென்றார். 1820களில் உதகமண்டலத்தில் குடியிருப்பு அமைத்து ஐரோப்பியக் காய்கறிகளையும் பழமரங்களையும் பயிரிடச் செய்தார். 1845ஆம் ஆண்டளவில் அங்கு வாழ்ந்த ஐரோப்பியர், நியாயமான விலையில் காய்கறி பெறும் பொருட்டு மாதம் 3 ரூபாய் சந்தா செலுத்திப் பொதுத் தோட்டம் ஒன்றை அமைத்தனர். அம்முயற்சி நெடுநாள் நிலைக்கவில்லை. ஆயினும் 1848இல் வில்லியம் கிரகாம் மெக்கைவர் வந்த பின்னர் அரசினர் தாவரவியல் பூங்காவாக வளர்ந்தது அதன் தொடர்ச்சியேயாகும். இன்று சுற்றுலாத் தலமாக விளங்கும் அப்பூங்காவின் தொடக்கம் மலர்க்காட்சி அன்று, காய்கறி விலை குறித்த கவலை என்பது நினைவுகொள்ளத் தக்கது.

படுகர் முதலிய மலைவாழ் வேளாண் மக்கள் இப்பயிர்களைத் தம் நிலங்களில் ஏற்றுக்கொண்டனர். மேட்டுப்பாளையம் முதல் குன்னூர் வரை 1899இலும், உதகமண்டலம் வரை 1908இலும் மலைரயில் இயங்கத் தொடங்கியது. படைமுகாம்களுக்கும் ஆங்கிலேயக் குடும்பங்களுக்கும் உரிய உணவாயிருந்த காய், மலையடிவாரத்து மண்டிகள் வழியே சமவெளி நகரங்களின் சரக்காயிற்று. 1935இல் தொடங்கப்பட்ட நீலகிரி கூட்டுறவு விற்பனைச் சங்கம் மேட்டுப்பாளையத்தில் உழவர்களின் விளைச்சலை ஏலம் விடும் முறையை வளர்த்தது. தனியார் மண்டிகளுக்கு எதிரெடையாக ஓர் ஏலக்களம் இருக்க வேண்டும் என்னும் எண்ணம் அதன் பின்னணியில் இருந்தது.

இதே காலத்தில் நாஞ்சில் நாடு இந்த வட்டத்துக்கு வெளியே நின்றது. தென் திருவிதாங்கூருக்கு ரயில் வசதி நெடுங்காலம் கிட்டவில்லை. 1904இல் செங்கோட்டை, கொல்லம் வழியாகத் திருவிதாங்கூர் ரயில் வரைபடத்தில் இடம்பெற்றும், நாகர்கோவிலுக்கு ரயில் வந்தது 1979இல்தான். திருநெல்வேலியோடு இணைப்பு ஏற்பட்டது 1981இல். அதுவரை மலைக்காய்கறி நாஞ்சில் நாட்டுக்கு வரும் ஒரே வழி சாலை. சில நாட்கள் தாங்கும் முட்டைக்கோசு அவ்வழிக்கு ஏற்ற சரக்கு. ஒரு வாரம் கழித்தும் மேலிலைகளை உரித்துவிட்டால் விற்கலாம்; உரித்த இலை மாட்டுக்கு. பீன்ஸுக்கும் காலிஃபிளவருக்கும் இப்பொறுமை இல்லை.

கணவாயும் சாலையும்

ஆரல்வாய்மொழிக் கணவாய் மேற்குத் தொடர்ச்சி மலையின் தென்கோடியில் அமைந்த இயற்கை வாயில். திருவிதாங்கூருக்கும் பாண்டி நாட்டுக்கும் இடையே படையும் பண்டமும் சென்ற வழி இது. திருவிதாங்கூர் அரசு இங்குச் சவுக்கை அமைத்துச் சுங்கம் தண்டியது. 1865இல் பிரித்தானிய இந்தியாவுக்கும் திருவிதாங்கூர், கொச்சி அரசுகளுக்கும் இடையே ஏற்பட்ட துறைமுக உடன்படிக்கை, பெரும்பாலான சரக்குகள் மீதான எல்லைச் சுங்கத்தை நீக்கியது. அரசியல் எல்லை நீடித்தும் சந்தை எல்லை தளர்ந்த முதல் தருணம் இதுவே. கணவாயின் மேற்குப் புறத்துச் சாலையின் மறுமுனையில், பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் ராஜா கேசவதாசர் உருவாக்கிய திருவனந்தபுரத்துச் சாலைக் கம்போளம் இருந்தது. நாஞ்சில் நாடு இவ்விரு முனைகளுக்கும் நடுவிலமைந்த நெல்விளையும் தாவளம்.

1956 நவம்பர் 1இல் தோவாளை, அகத்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு வட்டங்களும் கன்னியாகுமரி மாவட்டமாகச் சென்னை மாநிலத்தோடு இணைந்தன. இவ்விணைப்பின் மொழி, அரசியல் பின்னணி விரிவாக ஆராயப்பட்டுள்ளது. சந்தையைப் பொறுத்தவரை நிகழ்ந்தது எல்லையின் இடமாற்றம். கிழக்கே ஆரல்வாய்மொழியில் இருந்த எல்லை மேற்கே களியக்காவிளைக்கு நகர்ந்தது. அதற்கு முன் நாஞ்சில் நாடு திருவிதாங்கூருக்குள்ளிருந்து நெல் வழங்கிய உள்நாடு. அதற்குப் பின் கேரளத்துக்குக் காய்கறி செல்லும் வழியில் தமிழ்நாட்டின் கடைசிச் சந்தை. நெல் குறைந்து, இடைவணிகம் மிகுந்தது.

இன்று நாகர்கோவிலின் அப்டா மார்க்கெட்டும் வடசேரிச் சந்தையும் இவ்விடைவணிகத்தின் மையங்கள். நீலகிரி, தாளவாடி, ஓசூர், ஒட்டன்சத்திரம் ஆகிய இடங்களின் சரக்கும் கருநாடகத்தின் சரக்கும் இவற்றுக்கு வருகின்றன. மார்த்தாண்டம், தக்கலை, கருங்கல் பகுதிக் கடைக்காரர்கள் இங்கிருந்து கொள்முதல் செய்கின்றனர். நெய்யாற்றின்கரையும் திருவனந்தபுரமும் இச்சந்தைகளின் வாங்கும் வட்டத்துக்குள் அடங்கும். 2017 சூலை 1இல் சரக்கு மற்றும் சேவை வரி நடைமுறைக்கு வந்து மாநில வணிகவரிச் சோதனைச் சாவடிகள் நீக்கப்படும் வரை, அமரவிளையில் லாரிகளின் வரிசை இவ்வணிகத்தின் அன்றாடக் காட்சியாயிருந்தது. வரிவிலக்குப் பெற்ற பண்டமும் வரிசையில் நின்றே வாடியது.

ஓணக்காலம் இச்சந்தையின் உச்சம். ஆவணி மாதத்தில் நாகர்கோவிலில் காய்கறி விலை ஏறுவதற்கும் தோவாளையில் பூ விலை ஏறுவதற்கும் ஒரே காரணந்தான். தமிழ்நாட்டின் ஒரு மாவட்டத்து வீட்டுச் செலவை அண்டை மாநிலத்தின் பண்டிகை நிர்ணயிக்கிறது. 2018 ஆகத்து வெள்ளத்தையடுத்துக் கேரள அரசு ஓண விழாக்களைக் கைவிட்டபோது இவ்விணைப்பு எதிர்த்திசையில் வெளிப்பட்டது. அண்டை மாநிலத்தின் துயரம் இப்புறத்தில் தேங்கிய சரக்காயிற்று.

உலகச் சந்தை: காய் நகராது, விதை நகரும்

உலகில் ஆண்டுதோறும் ஏறத்தாழ 7 கோடி டன் முட்டைக்கோசும் அதன் நெருங்கிய இனங்களும் விளைகின்றன. அதில் பாதியை ஒட்டிய அளவு சீனாவினுடையது. இந்தியா இரண்டாமிடத்தில் உள்ளது. இந்தியாவுக்குள் மேற்கு வங்காளம் முதலிடம் வகிக்கிறது. காலிஃபிளவர், புரோக்கோலி ஆகியவற்றின் விளைச்சல் 2.5 கோடி டன்னை ஒட்டியது. அதிலும் சீனாவும் இந்தியாவும் சேர்ந்தே பெரும்பங்கை விளைவிக்கின்றன. இவ்வளவு பெரிய விளைச்சலில் நாட்டெல்லை கடந்து விற்கப்படுவது நூற்றில் சில பங்கு மட்டுமே. காரணம் எளிது. முட்டைக்கோசின் எடையில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் நீர். நீரைச் சுமந்து செல்லும் வாடகையை மலிவான காயின் விலை தாங்காது. மிளகும் ஏலமும் இப்பகுதியிலிருந்து உலகைச் சுற்றியதற்கு நேர்மாறான காரணம் இது.

ஆகவே முட்டைக்கோசுக்கு உலக விலை என்று ஒன்று கிடையாது. மிளகுக்கும் ரப்பருக்கும் உள்ளதுபோல் நாகர்கோவில் வணிகர் உற்றுநோக்க வேண்டிய அயல்நாட்டு விலைப்பட்டியல் எதுவும் இக்காய்க்கு இல்லை. கன்னியாகுமரி மாவட்டத்து ரப்பர் உழவர் பாங்காக் விலையால் பாதிக்கப்படுவார். முட்டைக்கோசு வாங்குபவர் மேட்டுப்பாளையத்து மழையால் பாதிக்கப்படுவார்.

விதையின் நிலை முற்றிலும் வேறு. முட்டைக்கோசு குளிர்நாட்டு ஈராண்டுத் தாவரம். பல வாரக் குளிரைக் கடந்த பின்னரே அது பூத்துக் காய்க்கும். தென்னிந்தியச் சமவெளியில் உருண்டை கட்டினாலும் விதை கட்டாது. காலிஃபிளவரின் வரலாறு இதற்கு நல்ல ஒப்பீடு. 1822இல் சகாரன்பூர்த் தோட்டத்துக்கு அது வந்ததாகத் தோட்டக்கலை நூல்கள் குறிப்பிடுகின்றன. வடஇந்திய உழவர்கள் தம் வயலில் தாமே விதை எடுத்துத் தேர்ந்து, வெப்பம் தாங்கும் இந்திய வகைகளை உருவாக்கிவிட்டனர். முட்டைக்கோசில் அது பெருமளவில் நிகழவில்லை. விதை ஐரோப்பாவிலிருந்து வந்தது. விடுதலைக்குப் பின் இமாச்சலத்தின் குலுப் பள்ளத்தாக்கில் உள்ள கட்ரைன் ஆய்வு நிலையமும் காசுமீரமும் உள்நாட்டு விதைக்கு வழிசெய்தன. கோல்டன் ஏக்கர், பூசா டிரம்ஹெட் போன்ற வகைகள் பரவியது அக்காலத்தில்தான். நீலகிரியில் செப்டம்பர் என்னும் வகை நெடுநாள் பெயர் பெற்றிருந்தது. எவ்வகையாயினும் உழவர் ஒவ்வொரு பருவத்திலும் விதையை வாங்கியே ஆக வேண்டும்.

ஜப்பானின் தாக்கி நிறுவனம் 1950ஆம் ஆண்டளவில் தன்மகரந்தம் ஏற்காத இயல்பைப் பயன்படுத்தி முட்டைக்கோசில் முதல் தலைமுறைக் கலப்பினத்தை வணிக அளவில் உருவாக்கியது. ஒரே நேரத்தில் முற்றும், ஒரே அளவில் உருளும், வெப்பத்தை ஓரளவு தாங்கும் காய் இதன் பயன். லாரிக்கும் மண்டிக்கும் ஏற்ற காய் அதுவே. அதன் விலை, விதையைச் சேமிக்கும் வாய்ப்பு கொள்கையளவிலும் இல்லாது போனது. 1988இல் இந்திய அரசு அறிவித்த புதிய விதை மேம்பாட்டுக் கொள்கை காய்கறி விதை இறக்குமதியைத் தளர்த்தியது. அதன் பின்னர் ஜப்பானிய, டச்சு, சுவிட்சர்லாந்து நிறுவனங்களும் அவற்றோடு இணைந்த இந்திய நிறுவனங்களும் தென்னிந்திய முட்டைக்கோசு வயல்களுக்கு விதை வழங்குபவையாயின. நாகர்கோவிலில் விற்கப்படும் உருண்டை வட்டாரத்துச் சரக்கு. அது முளைத்த விதையின் பெற்றோர் வரிசையோ பெரும்பாலும் வெளிநாட்டு நிறுவனம் ஒன்றின் உடைமை. உலகச் சந்தை இக்காய்க்குள் இருக்கும் இடம் அது.

மலைத்தோட்டத்திலிருந்து சமவெளியை நோக்கி இக்காய் இறங்கியதும் இக்கலப்பினங்களாலேதான். சமவெளியில் குளிர்காலப் பயிராக அது சாத்தியமான பின்னும் கன்னியாகுமரி மாவட்டத்து நிலம் ரப்பர், தென்னை, வாழை ஆகியவற்றின் வழியே சென்றுவிட்டது. மரச்சீனி வந்த காலத்தில் நிலத்தில் இடமிருந்தது. தண்டை வெட்டி அண்டை வீட்டாருக்குக் கொடுத்தாலே பயிர் பரவியது. முட்டைக்கோசு இம்மண்ணுக்கு ஏற்றதாக மாறிய காலத்தில் நிலமும் இல்லை. விதை அண்டை வீட்டில் கிடைப்பதும் இல்லை.

விதையோடு இன்னொன்றும் உலகளாவியது, அது பூச்சி. முட்டைக்கோசு விளையும் இடமெல்லாம் வைரமுதுகு அந்துப்பூச்சி உண்டு. டிடிடி மருந்துக்கு அது எதிர்ப்பாற்றல் பெற்ற செய்தி 1953இல் சாவகத்திலிருந்து வெளிவந்தது. பாசிலசு துரிஞ்சியென்சிசு என்னும் நுண்ணுயிர் மருந்துக்கு வயல்வெளியிலேயே எதிர்ப்பாற்றல் பெற்றது 1990இல் அவாயித் தீவுகளிலிருந்து அறிவிக்கப்பட்டது. ஒவ்வொரு மருந்தும் தோற்கத் தோற்கத் தெளிப்பின் எண்ணிக்கை கூடுவதே உலகெங்கும் நிகழ்ந்தது. 2015இல் தமிழ்நாட்டுக் காய்கறிகளில் பூச்சிக்கொல்லி எச்சம் மிகுதி என்று கேரள உணவுப் பாதுகாப்புத் துறை எழுப்பிய குற்றச்சாட்டையும், தமிழ்நாட்டு அதிகாரிகள் அதை மறுத்ததையும் இப்பின்னணியிலேயே காண வேண்டும். விவாதம் இரு மாநிலங்களின் பூசலாகவே பேசப்பட்டது. அதே காயை அதே சந்தையிலிருந்து வாங்கி உண்ணும் கன்னியாகுமரி மாவட்டத்து மக்களின் நலம் அவ்விவாதத்தில் தனிப்பொருளாக இடம்பெறவே இல்லை. எல்லையில் வாழ்வோர் எத்தரப்பிலும் சேராது போவதற்கு இது ஒரு சிறு எடுத்துக்காட்டு.

விலை யார் சொல்வது

காய்கறியின் விலையை யார் சொல்வது என்னும் வினா இக்காய்க்குடும்பத்தோடு வரலாற்று வழியிலேயே பிணைந்தது. நெதர்லாந்தின் புரூக் ஓப் லாங்கடைக் என்னும் ஊரில் 1887 சூலையில் ஓர் உழவரின் படகிலிருந்த காலிஃபிளவர் ஏலத்தில் விற்கப்பட்டது. அதுவரை வணிகர்கள் உழவர்களைத் தனித்தனியே சந்தித்து விலை பேசி வந்தனர். வணிகர்களை ஓரிடத்தில் கூட்டி, விலையை மேலிருந்து கீழிறக்கி, முதலில் குரல் கொடுப்பவருக்குக் கொடுக்கும் முறை அங்கிருந்து வளர்ந்தது. ஐரோப்பியக் காய்கறி ஏலக்களங்களின் முன்னோடியாக அது கருதப்படுகிறது. படகு படகாக முட்டைக்கோசு விற்ற ஊர் அது. விலை வெளிப்படையாகச் சொல்லப்படுவதே உழவரின் முதல் பாதுகாப்பு என்று அவ்வூர் உணர்ந்திருந்தது. நீலகிரிக் கூட்டுறவுச் சங்கத்தின் ஏலம் இதே எண்ணத்தின் தமிழக வடிவம் எனலாம். கமிஷன் மண்டியில் தரகர் சொல்வதே விலை. ஏற்றுக்கூலி, இறக்குக்கூலி, வாடகை, தரகு ஆகியவை கழிந்த மிச்சமே உழவருடையது. மிச்சம் பூச்சியத்துக்குக் கீழே செல்லும் பருவங்களில் அறுவடையே செய்யாமல் காயை உழுதுவிடுவது தமிழக, கருநாடக வயல்களில் அறியப்படாத செய்தியன்று.

விலை ஏறும்போது அரசு விரைந்து செயல்படுவதற்குக் கொரியா சான்று. 2010இன் கோடைக்கால மழையில் மலைநாட்டுப் பயிர் கெட்டு, கிம்ச்சிக்குரிய சீன முட்டைக்கோசின் விலை அங்கு மும்மடங்குக்கு மேல் உயர்ந்தது. அதை ஒரு தேசிய நெருக்கடியாகவே கருதிய தென்கொரிய அரசு, 27 விழுக்காட்டு இறக்குமதி வரியைத் தற்காலிகமாக நீக்கிச் சீனாவிலிருந்து காயைத் தருவித்தது. உண்பவரின் துன்பம் உடனே அரசியலாகிறது. விளைவிப்பவரின் துன்பம் தாமதமாகவே ஆகிறது. இந்திய ஒன்றிய அரசின் குறைந்தபட்ச ஆதரவு விலைப் பட்டியலில் காய்கறி எதுவும் இன்றளவும் இல்லை.

இத்தாமதத்தில் கேரளம் ஓரடி முன்வைத்தது. 16 விளைபொருள்களுக்கு, உற்பத்திச் செலவுக்கு மேல் 20 விழுக்காடு சேர்த்து அடிப்படை விலை அறிவிக்கும் திட்டம் 2020 நவம்பர் 1இல் அங்கு நடைமுறைக்கு வந்தது. சந்தை விலை அதற்குக் கீழே இறங்கினால் அடிப்படை விலையில் கொள்முதல் செய்யப்படும். அப்பட்டியலில் மரச்சீனிக்குக் கிலோ 12 ரூபாய். முட்டைக்கோசுக்கு 11 ரூபாய். கேரளம் உருவான நாள் என்பதால் நவம்பர் 1 தேர்ந்தெடுக்கப்பட்டது. கன்னியாகுமரி மாவட்டம் உருவான நாளும் அதுவே.

ஒரே நாளில் உருவான இரு நிலப்பகுதிகளுக்கும் இடையே இத்திட்டம் புதியதொரு கோட்டை வரைந்தது. கேரள அரசு காப்பது தன் மாநிலத்தில் பதிவுசெய்த உழவரை. இடுக்கி மாவட்டத்தின் வட்டவடையிலும் காந்தளூரிலும் முட்டைக்கோசு பயிரிடுவோர் அதற்குள் அடங்குவர். கேரளம் உண்ணும் முட்டைக்கோசில் பெரும்பகுதியை விளைவிக்கும் தமிழக, கருநாடக உழவர் அதற்கு வெளியே நிற்கின்றனர். விளவங்கோட்டில் மரச்சீனி நடும் உழவருக்கும், நான்கைந்து கிலோமீட்டர் தள்ளிப் பாறசாலையில் அதே மரச்சீனியை நடும் உழவருக்கும் மழை ஒன்று, மண் ஒன்று, நெடுங்காலம் அரசும் ஒன்று. 1880களில் ஒரே மகாராசாவின் ஊக்கத்தால் அப்பயிரைப் பெற்ற இரு வயல்களில் ஒன்றுக்கு மட்டும் இன்று அடித்தளம் உண்டு. நெல்லைப் பொறுத்தவரை இரு மாநிலக் கொள்முதல் விலைகளின் வேறுபாடு எல்லைப்புறத்தில் முன்னரே அறியப்பட்டது. காய்கறியில் அது இப்போதுதான் வந்தது.

நாகர்கோவில் வணிகருக்கு இவ்வேறுபாடு ஒரு கணக்கு. கிலோ 11 ரூபாய்க்குக் கீழே மேட்டுப்பாளையத்தில் விலை விழும் பருவத்தில், களியக்காவிளைக்கு அப்பால் அரசு தாங்கிப் பிடிக்கும் காயோடு இப்புறத்துக் காய் போட்டியிட வேண்டும்; போட்டியில் அது மலிவாகவே வெல்லும். அம்மலிவை வணிகர் தம் தரகிலிருந்து கொடுப்பதில்லை. நுகர்வோர் அதை வேண்டி நிற்கவும் இல்லை. அது வந்து சேரும் இடம் லாரி புறப்பட்ட மலைச்சரிவு. விதைக்கு ஏற்கெனவே முழுவிலை கொடுத்துவிட்ட வயல்.